விகாந்தரின் நடிப்பில் பாலே எங்கே இருக்கிறது?

வாசகர் கேள்வி, பிப்ரவரி 2

டூம் ரெய்டர் பார்த்தேன். நடிகை அலிசியா விகாந்தர் பாலே என்ற மேற்கத்தியச் செவ்வியல் நடனம் கற்றவர் என்று அவரைப் பற்றிய எல்லாக் கட்டுரையிலும் எழுதுகிறார்கள். எனக்கு அந்தப் படத்தில் தெரிந்தது உடற்பயிற்சி மட்டும்தான். நடனம் தெரிந்தால் நிமிர்ந்து நிற்க வரும், நன்றாக நடக்க வரும். அதற்குமேல் திரை நடிப்புக்கு அதனால் என்ன ஆகிவிடப் போகிறது? அவர் வாங்கிய ஆஸ்கருக்கும் பாலேவுக்கும் என்ன சம்பந்தம்?

பிப்ரவரி 2, இரவு

டூம் ரெய்டரை மட்டும் வைத்துப் பேசினால் நீங்கள் சொல்வதை மறுக்க மாட்டேன். ஆனால் அவரிடம் நடனத்தைத் தேடுகிறவர் முதலில் பார்க்க வேண்டியது எக்ஸ் மெஷினா. அதில் அவர் ஓர் அடிகூட ஆடுவதில்லை. நடக்கிறார், உட்காருகிறார், கண்ணாடிச் சுவருக்கு அந்தப் பக்கம் நின்று தலையைத் திருப்புகிறார். என் கட்சி இதுதான்: சின்ன வயதிலிருந்து வாங்கிய அந்தப் பயிற்சி, அவர் உடலை அடக்கி வைத்திருக்கும் இடங்களில்தான் முழுதாக வேலை செய்கிறது. நாளைக்கு விரிவாக எழுதுகிறேன்.

பிப்ரவரி 3

முதலில் அவர் எங்கிருந்து வந்தார் என்பதைப் பார்த்துவிடுவோம். 'பாலே ஆடிய பெண் நடிக்க வந்தார்' என்ற ஒற்றை வரி கதையின் பாதியை விட்டுவிடுகிறது.

1988 அக்டோபரில் ஸ்வீடனின் மேற்குக் கரை நகரமான கோத்தன்பர்க்கில் பிறந்தவர். அம்மா மரியா ஃபால் விகாந்தர் மேடை நடிகை. அப்பா மனநல மருத்துவர். நாடகம் நடக்கும் வீட்டுப் பிள்ளை. ஏழு வயதிலேயே கோத்தன்பர்க் ஓபராவில் மேடையேறிவிட்டார். ஆபா பாப் இசைக்குழுவின் பென்னி ஆண்டர்சனும் பியோர்ன் உல்வேயஸும் உருவாக்கிய, கிறிஸ்டினா என்ற விவசாயப் பெண்ணின் கதையைச் சொல்லும் இசை நாடகம் அது. 19ஆம் நூற்றாண்டில் ஸ்வீடனின் ஏழைக் குடியானவர்கள் கப்பலேறி அமெரிக்கா போன கதை. ஸ்வீடன்காரர்களுக்கு அது தங்கள் குடும்பக் கதை மாதிரி. ஆக முதலில் வந்தது மேடை. ஒன்பது வயதில்தான் பாலே.

அப்புறம் பதினைந்து, பதினாறு வயதில் வீட்டை விட்டு ஸ்டாக்ஹோமுக்குப் போய், 2004 முதல் 2007 வரை ராயல் ஸ்வீடிஷ் பாலே பள்ளியின் மேல்நிலைப் பிரிவில் பயின்றார். ஒரு கோடையில் நியூயார்க்கில் ஸ்கூல் ஆஃப் அமெரிக்கன் பாலேயிலும் பயிற்சி. நடனத்தில் மேலே போகாமல் போனதற்குக் காயங்களும் ஒரு காரணம்.

நடனத்தை விட்டு நடிப்புக்குத் திரும்பியவரை நாடகப் பள்ளி இரண்டு முறை நிராகரித்தது. சட்டப் படிப்புக்கு இடம் கிடைத்தது, போகவில்லை. இதற்கிடையே கோத்தன்பர்க்கில் எடுக்கப்பட்ட ஒரு தொலைக்காட்சித் தொடரில் நடித்துக்கொண்டிருந்தார். நடிப்புப் பள்ளிப் படிப்பு என்று ஒன்று அவருக்கு இல்லவே இல்லை. முறையாக, வருடக்கணக்கில், தினமும் கற்றது என்றால் அது பாலே ஒன்றுதான். அதனால் 'என்ன சம்பந்தம்' என்ற கேள்விக்கு என் முதல் பதில் இது: நடிப்புப் பள்ளி அவரை எடுக்கவில்லை, இருந்த கருவி அதுதான்.

பிப்ரவரி 5

எக்ஸ் மெஷினா. இதைப் பற்றி நிறையச் சொல்ல இருக்கிறது.

அலெக்ஸ் கார்லண்டின் முதல் இயக்கம். ஏவா என்ற இயந்திரப் பெண்ணுக்கு மனம் இருக்கிறதா என்று சோதிக்க ஓர் இளைஞனை அழைத்து வருகிறார்கள். விகாந்தர் தான் செய்ததை ஒரு பேட்டியில் விளக்கியிருந்தார். இயந்திரம் என்றால் எல்லோரும் வெட்டி வெட்டி அசைவார்கள். அவர் எதிர்த் திசையில் போனார். மனித அசைவில் எப்போதும் கொஞ்சம் தடுமாற்றம் இருக்கும்: எழும்போது ஒரு கை எதையாவது பிடிக்கும், நடக்கும்போது எடை ஒரு பக்கம் சாயும். அதையெல்லாம் எடுத்துவிட்டு, குறையே இல்லாமல் அசைந்தால் அதுவே மனிதரல்லாத ஒன்றாகத் தெரியும்.

இந்த யோசனை யாருக்கு வேண்டுமானாலும் வரலாம். படம் முழுக்க உடலால் செய்து காட்டுவது எல்லோருக்கும் வராது. ஏவா உட்காரும் விதத்தைக் கவனியுங்கள். முதுகு ஒரே கோட்டில் இறங்குகிறது, தொடையில் எடை மாறுவது தெரியவில்லை, கை மடியில் வந்து சேரும் கணமும் இடுப்பு தரையைத் தொடும் கணமும் ஒன்றாக முடிகின்றன. பாலே வகுப்பில் கம்பியைப் பிடித்துக்கொண்டு ஆயிரம் முறை முழங்காலை மடக்கி நிமிர்ந்த உடம்புக்குத்தான் அது வரும்.

இன்னொன்று. படப்பிடிப்பில் பச்சைத் திரை கிடையாது. சாம்பல் நிற வலை உடையில் அவர் நடிப்பார். பிறகு அவர் இல்லாமல் அதே இடத்தை மறுபடி படம் பிடிப்பார்கள். கணினிக் கலைஞர்கள் முகத்தையும் மணிக்கட்டுக்குக் கீழே கைகளையும் காப்பாற்றிக்கொண்டு, வயிறு, புஜம், கால் போன்ற பகுதிகளை அழித்து, உள்ளே கம்பிகளும் விளக்குகளும் தெரியும்படி வரைந்தார்கள். அதாவது நாம் பார்க்கும் ஏவாவின் உடல் பெரும்பாலும் வரையப்பட்டது. ஆனால் அசைவு முழுக்க அவருடையது. உடலை அழித்த பிறகும் ஒரு நடிகை மிஞ்சுகிறார் என்றால் மிஞ்சியது எது? அதைத்தான் நான் பாலே என்கிறேன்.

ஏறக்குறைய ஒன்றரைக் கோடி டாலரில் எடுத்த அந்தப் படம், 2016 ஆஸ்கரில் ஸ்டார் வார்ஸையும் மேட் மேக்ஸையும் தாண்டிக் காட்சி விளைவுகளுக்கான விருதை வாங்கியது. வாங்கிய கலைஞர்களுக்கு என் வணக்கம். அவர்கள் ஒட்டி வரைவதற்கு அவ்வளவு துல்லியமான ஓர் அசைவு கிடைத்ததும் அந்த விருதில் ஒரு பங்கு.

பிப்ரவரி 5, கொஞ்ச நேரம் கழித்து

விட்டுப்போனது. அந்தப் படத்தில் ஒரு நடனக் காட்சி உண்டு, எல்லோருக்கும் நினைவிருக்கும். ஆஸ்கர் ஐசக்கும் சொனோயா மிசுனோவும் டிஸ்கோ ஆடுவார்கள். மிசுனோவும் பாலேக்காரர்தான், லண்டன் ராயல் பாலே பள்ளியில் படித்தவர். இரண்டு பாலே உடல்களை வைத்துக்கொண்டு இயக்குநர் ஒன்றை ஆடவிட்டு, இன்னொன்றைக் கடைசிவரை ஆடவிடாமல் வைத்திருக்கிறார். ஆடும் பெண்ணுக்குப் பேச்சு இல்லை, பேசும் பெண்ணுக்கு ஆட்டம் இல்லை. இதை முதல் தடவை பார்த்தபோது நான் கவனிக்கவே இல்லை.

பிப்ரவரி 8

"அப்படியானால் எ ராயல் அஃபேர்? அதில் அவர் ஆடுகிறாரே" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். நல்ல இடத்தைத் தொட்டீர்கள்.

2012இல் வந்த டேனிஷ் படம், நிகொலாய் ஆர்செல் இயக்கம். 18ஆம் நூற்றாண்டு டென்மார்க். மனநிலை சரியில்லாத மன்னர் ஏழாம் கிறிஸ்டியன், இங்கிலாந்திலிருந்து மணமுடித்து வந்த அரசி கரோலின் மெத்தில்டா, அரண்மனை மருத்துவர் ஸ்ட்ரூயன்ஸே. அரசிக்கும் மருத்துவருக்கும் காதல். விகாந்தர் இந்தப் படத்துக்காக டேனிஷ் மொழி கற்றார். ஸ்வீடிஷும் டேனிஷும் பக்கத்து மொழிகள் என்று நினைத்துச் சுலபம் என்று சொல்லிவிடாதீர்கள். எழுத்தில் நெருக்கம், ஒலியில் தொலைவு. ஸ்வீடன்காரர்களே டேனிஷ் பேச்சு பிடிபடவில்லை என்று புலம்புவதைக் கேட்டிருக்கிறேன்.

மருத்துவராக நடித்தவர் மேட்ஸ் மிக்கெல்சன். அவரும் நடிக்க வருவதற்கு முன் ஏறக்குறைய பத்தாண்டுகள் தொழில்முறை நடனக்காரர். ஜிம்னாஸ்டிக்ஸிலிருந்து நடனத்துக்கு வந்தவர். அதிலும் அவர் பாலே படித்தது எங்கே தெரியுமா? இதே கோத்தன்பர்க்கில். இவர் அங்கே பிறந்து ஆடியவர், அவர் கடல் தாண்டி அங்கே வந்து ஆடக் கற்றவர். இரண்டு பேரும் ஒரு டேனிஷ் அரண்மனைக் கதையில் முகமூடி விருந்தில் எதிரெதிரே நிற்கிறார்கள்.

அந்தக் காட்சியில் திறமை காட்டும் அடவு எதுவும் கிடையாது. ஆடத் தெரிந்த இருவர், ஆட்டத்தைக் கையளவுக்குச் சுருக்கிக்கொள்கிறார்கள். அரண்மனை முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்கிறது, முகத்தில் எதுவும் வரக்கூடாது. எல்லாம் மூச்சிலும் கழுத்திலும் இருக்கிறது. அந்தப் படத்துக்குப் பெர்லினில் சிறந்த நடிகர் விருது மன்னராக நடித்த மிக்கெல் ஃபோல்ஸ்கோருக்குப் போனது, தகுதியான விருதுதான். ஆனால் எனக்கு அந்த விருந்துதான் படம்.

பிப்ரவரி 9

அதே 2012இல் அன்னா கரேனினா. ஜோ ரைட் இயக்கம், நடன அமைப்பு சிடி லார்பி ஷெர்காவி. ஒரு பழைய நாடக அரங்குக்குள்ளேயே கதை நடப்பது போல எடுத்த படம், எல்லோரும் பாதி நடனமாகவே அசைவார்கள். கிட்டி என்ற இளம்பெண்ணாக விகாந்தர். இங்கே அவர் பயிற்சி வெளிப்படையாகத் தெரிகிறது, அழகாகவும் இருக்கிறது. ஆனால் நினைவில் நின்றது பின்னால் வரும் ஒரு காட்சி. நோயில் கிடக்கும் கணவனின் அண்ணனை வந்து கழுவித் துடைக்கிறாள். கையில் துணி, கண்ணில் அருவருப்பு இல்லை, கணவன் பார்த்துக்கொண்டு நிற்கிறான். விருந்தில் ஏமாந்து நின்ற சிறுமி அங்கே பெரியவளாகிவிடுகிறாள். கணவன் லெவினாக நடித்த டோம்னல் க்ளீசன்தான் எக்ஸ் மெஷினாவில் சோதிக்க வரும் இளைஞன்.

பிப்ரவரி 13

நான் ஏன் இதில் இவ்வளவு பிடிவாதமாக இருக்கிறேன் என்று கேட்கிறீர்கள். சொல்கிறேன்.

நான் பரதநாட்டியம் கற்றவள். முழங்கால் போனபிறகு விட்டுவிட்டேன். அரைமண்டியில் உட்கார்ந்தால் தொடை நடுங்கும், பாதம் எரியும். ஆனால் முகத்தில் அபிநயம் மலர்ச்சியாக இருக்க வேண்டும். என் ஆசிரியர் காலைப் பார்க்கவே மாட்டார், முகத்தைப் பார்த்துக் காலில் என்ன தப்பு என்று சொல்வார். பாலேயிலும் இதே கதை. இடுப்பிலிருந்து காலை வெளிப்பக்கம் திருப்பி நிற்கிறார்கள், விரல் நுனியில் உடலெடை முழுவதும், நகம் பெயர்ந்திருக்கும், முகம் அமைதியாக இருக்கும். வலியையும் முகத்தையும் தனித்தனியாக வைத்துக்கொள்வது ஒரு பழக்கம். சின்ன வயதில் ஏறிவிட்டால் இறங்காது. இன்றைக்கும் அலுவலகத்தில் யாராவது கடுமையாகப் பேசினால் என் முகம் தானாக மலர்ந்துவிடுகிறது. நான் அதை விரும்பவில்லை, ஆனால் அது நடக்கிறது.

இந்தப் பழக்கம் ஒரு நடிகைக்கு வரமா என்பதில் எனக்கே சந்தேகம் வருகிறது. நடிகை என்றால் முகத்தில் வலி வர வேண்டுமே. இந்த இழையின் தொடக்கத்தில் நான் சொன்னதை ஒரு படி நகர்த்தி வைக்கிறேன்: பயிற்சி மட்டும் போதாது. அதை எப்போது உடைக்க வேண்டும் என்று தெரிந்த ஓர் இயக்குநர் வேண்டும். விகாந்தருக்கு அப்படி ஒருவர் முதல் படத்திலேயே கிடைத்தார்.

பிப்ரவரி 13, தொடர்ச்சி

லிசா லாங்செத். 2010இல் வந்த அவருடைய படம் வெளிநாடுகளில் ப்யூர் என்ற பெயரில் ஓடியது. கத்தரீனா, இருபது வயது, புறநகர்ப் பெண், சிதைந்த வீடு. மொசார்ட்டைக் கேட்டுவிட்டுக் கோத்தன்பர்க் இசையரங்கத்தில் வரவேற்பாளர் வேலைக்குச் சேர்கிறாள். அங்கே இசைக்குழு நடத்துநருடன் உறவு. அவர் அவளை எடுத்துக்கொண்டு, பிறகு தூக்கி எறிகிறார்.

வேலை நிமித்தம் கொஞ்ச காலம் கோத்தன்பர்க்கில் இருந்தேன். யோத்தாபிளாட்சென் சதுக்கத்தில் பொசைடன் சிலைக்குப் பக்கவாட்டில் அந்த இசையரங்கம் இருக்கிறது. 1935இல் திறந்தது, உள்ளே எங்கும் மரம், ஒலிக்குப் பேர்போன இடம். வெளியே பார்த்தால் எளிமைதான், ஆனால் எனக்கு முதலில் உள்ளே போகத் தயக்கமாக இருந்தது. எல்லோரும் கோட்டைக் கழற்றி மாட்டும் விதத்திலேயே யார் இந்த இடத்துக்குப் பழகியவர் என்று தெரிந்துவிடும். படத்தில் கத்தரீனா கண்ணாடிக் கதவுக்கு முன் நிற்கும் நிலை எனக்கு அதனால்தான் அப்படிப் புரிந்தது.

அந்தப் படத்தில் விகாந்தர் கூன் போட்டு நடக்கிறார்! தோளைச் சுருக்கி, கழுத்தை முன்னால் நீட்டி. பத்தாண்டு காலம் யாரோ கோலால் தட்டி நிமிர்த்திய முதுகை அவரே மடக்கிப் போடுகிறார். அரங்கத்தில் வேலை கிடைத்த பிறகு கொஞ்சம் கொஞ்சமாக நிமிர்கிறாள் அந்தப் பெண். நாடகப் பள்ளி இரண்டு முறை திருப்பி அனுப்பிய பெண்ணுக்கு இந்தப் படத்துக்காக ஸ்வீடனின் தேசியத் திரை விருதான குல்ட்பாகே கிடைத்தது. நிமிர்ந்து நிற்க வரும் என்று முதல் கேள்வியில் சொன்ன நண்பரே, இந்தப் படத்தைக் கட்டாயம் பாருங்கள்.

லாங்செத்துடன் அவர் மொத்தம் மூன்று படங்கள் செய்தார். 2013இல் ஹோட்டல், 2017இல் யூஃபோரியா. யூஃபோரியா அவருடைய சொந்தத் தயாரிப்பு நிறுவனத்தின் முதல் படம். ஆஸ்கர் வாங்கிக் கையில் செல்வாக்கு வந்ததும் முதலில் யாரிடம் போனார் என்று பாருங்கள்.

பிப்ரவரி 16

ஆஸ்கர் என்றதும் ஒருவர் நினைவுபடுத்தினார். ஆமாம், தி டேனிஷ் கேர்ள், 2016 பிப்ரவரி 28, சிறந்த துணை நடிகை. வயது 27. ஆஸ்கர் வாங்கிய ஸ்வீடிஷ் நடிகைகளில் இங்க்ரிட் பெர்க்மனுக்கு அடுத்து இவர்தான்.

எனக்கு ஒரு மனக்குறை உண்டு. அது துணைப் பாத்திரமே அல்ல. ஓவியர் கெர்டா வேகனராகப் படம் முழுக்க வருகிறார். கோல்டன் குளோப்காரர்கள் இதே நடிப்பை முதன்மை நடிகை பிரிவில் வைத்து, எக்ஸ் மெஷினாவுக்குத் துணை நடிகை பரிந்துரை கொடுத்தார்கள். அதுதான் நேர்மையான கணக்கு. ஆஸ்கரில் ஏவாவுக்குப் பரிந்துரை வந்திருந்தால் நான் இன்னும் மகிழ்ந்திருப்பேன்.

அந்தப் படத்திலும் ஒரு நடனக்காரி உண்டு, வேறொரு நடிகை அந்த வேடத்தில். அவள் வர நேரமானதால் கெர்டா கணவனைக் காலுறையும் நடன உடையும் வைத்துக்கொண்டு உட்காரச் சொல்லி வரைகிறாள். கதை அங்கிருந்து தொடங்குகிறது. விகாந்தர் பார்க்கும் இடத்தில் இருக்கிறார். கணவன் தன்னைப் பெண்ணாக உணர்ந்து தன் உடலைப் புதிதாகக் கண்டுபிடிப்பதைப் பார்க்கும் ஒரு பெண்ணாக, படம் முழுக்கப் பார்வையாலேயே நடிக்கிறார். கணவனாக நடிக்கும் எட்டி ரெட்மெய்னின் அசைவுகள் ஜாக்கிரதையாகச் செதுக்கியவை. அவற்றை உண்மையாக நம்ப வைப்பது அவரைப் பார்க்கும் இவர் கண்கள்.

பிப்ரவரி 17

டூம் ரெய்டருக்குத் திரும்ப வருகிறேன், கேள்வி அங்கேதானே தொடங்கியது. 2018, நார்வேக்காரர் ரோஆர் உதோக் இயக்கம். தசை ஏற்றிக்கொண்டு, தொங்கி, ஓடி, தண்ணீரில் விழுந்து கடுமையாக உழைத்திருக்கிறார். அருவி விளிம்பில் துருப்பிடித்த விமானத்தில் தொங்கும் காட்சியில் அவர் வலியில் முனகுவது எனக்குப் பிடித்தது. அந்த வகைக் கதாநாயகிகளுக்கு வலிக்கவே வலிக்காது, இவருக்கு வலிக்கிறது. ஆனால் படம் அந்த உடலை வலுவுக்கு மட்டும்தான் பயன்படுத்துகிறது. அதன் கூச்சம், ஒளிவு, ஏமாற்று எதையும் கேட்கவில்லை. அடுத்த பாகம் பேச்சில் இருந்து 2022இல் கைவிடப்பட்டது. எனக்கு வருத்தமில்லை.

ஜேசன் பார்ன் (2016) அதற்கு நேர் எதிர். சிஐஏ அதிகாரியாகத் திரைகளுக்கு முன் நிற்கிறார், அவ்வளவுதான். நிற்பதில் ஏதோ இருக்கிறது, ஆனால் கதை அதை எடுத்துக்கொள்ளவில்லை.

பிப்ரவரி 17, இரவு

தி மேன் ஃப்ரம் அங்கிள் படத்தை யாரும் குறிப்பிடாதது அநியாயம். 2015, கை ரிச்சி. கிழக்கு பெர்லின் மெக்கானிக் கேபி, இரவு உடையும் கறுப்புக் கண்ணாடியுமாக ஓட்டல் அறையில் குடித்துவிட்டு ஆடுகிறாள். ரஷ்ய உளவாளி சதுரங்கத்தில் கண் வைத்து அசையாமல் உட்கார்ந்திருக்கிறான். ஆட்டம் சண்டையாகி இருவரும் அறையை உடைக்கிறார்கள். நன்றாக ஆடத் தெரிந்தவர் மோசமாக ஆடுவது எவ்வளவு கடினம் தெரியுமா? தாளம் காலைப் பிடித்து இழுக்கும், கால் தானாகச் சரியான இடத்தில் விழும். அதைத் தப்பான இடத்தில் வைத்து, அதுவும் இயல்பாக வைத்து, நம்மைச் சிரிக்கவும் வைக்கிறார். எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அலுக்காது.

பிப்ரவரி 22

அவருடைய அண்மை ஆண்டுகளைப் பற்றிக் கேட்டிருக்கிறீர்கள். எனக்கு இதுதான் இப்போது பிடித்த பகுதி.

2022இல் இர்மா வெப், ஒலிவியே அஸ்ஸாயஸ் எழுதி இயக்கிய எட்டுப் பகுதித் தொடர். 1915இல் வந்த பிரெஞ்சு மௌனப்படத் தொடர் ஒன்றை மறுபடி எடுக்கும் படக்குழுவின் கதை. அஸ்ஸாயஸே 1996இல் மேகி சியுங்கை வைத்து இதைப் படமாக எடுத்தவர். விகாந்தர் மீரா என்ற நட்சத்திர நடிகை. கறுப்பு உடையை மாட்டியதும் மீராவின் நடை மாறுகிறது. கூரைகளில், பிறர் அறைகளில் ஒலியே இல்லாமல் நுழைகிறாள். படத்துக்குள் நடிக்கும்போது ஓர் உடல், கூடாரத்தில் உட்கார்ந்து பேசும்போது தளர்ந்த வேறோர் உடல். அன்னா கரேனினாவுக்குப் பிறகு நடனப் பயிற்சியை அவர் மறைக்காமல் நேராக எடுத்து வைத்தது இதில்தான்.

அடுத்து 2024இல் தி அசெஸ்மென்ட், ஃப்ளூர் ஃபோர்ச்சுனேயின் முதல் படம். வருங்காலம். பிள்ளை பெற அரசாங்க அனுமதி வேண்டும். ஒரு தம்பதி வீட்டில் ஏழு நாள் தங்கிச் சோதிக்க வரும் அதிகாரி வர்ஜீனியா, விகாந்தர். முதல் நாள் இறுக்கமாகப் பின்னிய தலை, விறைத்த முதுகு. மறுநாள் காலை உணவு மேசையில் திடீரென்று குழந்தையாகிவிடுகிறார். சாப்பாட்டை எறிகிறார், அடம் பிடிக்கிறார். முப்பது வயது தாண்டிய பெண் குழந்தை போலப் பேசுவது எளிது, கொஞ்சம் அசட்டுத்தனமாகவும் ஆகிவிடும். இவர் பேச்சை விட்டுவிட்டு எடையைப் பிடிக்கிறார். குழந்தையின் எடை வயிற்றில் இருக்கும், தலை கொஞ்சம் கனத்திருக்கும், உட்கார்ந்தால் தொப்பென்று விழும், அழும்போது முழு உடலும் அழும். அத்தனையும் இருக்கிறது. எனக்கு அந்த மேசைக் காட்சியில் பயமாக இருந்தது.

ஏவாவில் எந்தத் தடுமாற்றங்களை ஒவ்வொன்றாக எடுத்தாரோ, வர்ஜீனியாவில் அவை அத்தனையையும் திரும்பப் போடுகிறார். இரண்டையும் ஒரே வாரத்தில் அடுத்தடுத்துப் பார்த்தேன். முடிந்தால் நீங்களும் அப்படிப் பாருங்கள்.

பிப்ரவரி 23

ஃபயர்பிராண்ட் பற்றி ஒருவர் தனியாகக் கேட்டார். 2023 கான் விழாவில் போட்டியில் இருந்த படம். எட்டாம் ஹென்றியின் கடைசி மனைவி கேத்தரின் பார். மன்னராக ஜூட் லா, காலில் அழுகும் புண். அந்த நாற்றம் படப்பிடிப்பில் நிஜமாக இருக்க வேண்டும் என்று ஒரு வாசனைத் தயாரிப்பாளரைக் கொண்டு கெட்ட நாற்றத்தையே செய்து பூசிக்கொண்டாராம். பக்கத்தில் நிற்க வேண்டியவர் விகாந்தர், முகம் சுளிக்கக் கூடாது, சுளித்தால் அந்த அரசிக்குத் தலை போய்விடும். மேலே 13ஆம் தேதி முகத்தையும் வலியையும் பற்றி எழுதியதை இந்தப் படத்தோடு சேர்த்துப் படியுங்கள்.

ஹோட்டல் படத்தைப் பார்த்தவர்கள் யாராவது இருந்தால் அதைப் பற்றி எழுதுங்கள். பிரசவத்தில் எல்லாம் தலைகீழாகிப்போன ஒரு பெண், சிகிச்சைக் குழுவில் சந்தித்தவர்களோடு ஓட்டல் ஓட்டலாகப் போய் வேறு ஆட்களாக நடிக்கிறாள். அவருடைய ஸ்வீடிஷ் நடிப்பில் ப்யூருக்கு அடுத்து அதுதான், ஆனால் அதைப் பற்றித் தமிழில் யாரும் எழுதி நான் படித்ததில்லை.